கீழ்வீட்டு கர்ட்டிஸும் ஸ்ரீவில்லிபுத்தூர் மாமாவும்

1

நான் ஊருக்கு வந்து ஒரு வருஷம் முடிந்துவிட்டதை எனக்கு முன்னால் கண்டுபிடித்தது வங்கிதான். போன வாரம் ராஜபாளையத்தில் என் கணக்கு இருக்கும் கிளைக்குப் போயிருந்தேன். கவுன்ட்டரில் இருந்த பெண் கம்ப்யூட்டரைப் பார்த்துவிட்டு, "சார், இது வெளிநாட்டுல இருக்கவங்களுக்கான கணக்கு. நீங்க இங்கதான இருக்கீங்க? சாதாக் கணக்கா மாத்தணும்" என்றார்.

"இல்ல மேடம், நான் சிகாகோவுல இருக்கேன். வீடு, வேலை, சம்சாரம், பிள்ளை எல்லாம் அங்கதான்."

அவர் என் பாஸ்போர்ட்டை வாங்கிப் புரட்டினார். இந்தியாவுக்குள் வந்த முத்திரை இருந்தது. வெளியே போன முத்திரையைத் தேடினார். கிடைக்கவில்லை.

"அவங்க அங்க இருக்காங்க, சரி. நீங்க?"

குத்திக் காட்டுகிற குரல் இல்லை அது. நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். நாளைக்கு வருகிறேன் என்று சொல்லி வெளியே வந்துவிட்டேன். இன்னும் போகவில்லை.

நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். காயத்துக்குக் கட்டும் துணியும் பஞ்சும் தயாரிக்கும் ஒரு கம்பெனியில் எனக்கு வேலை. அண்ணன் மகள் நிக்காஹுக்காக மூன்று வாரம் லீவு போட்டுத் தனியாக வந்தேன். மகளுக்குப் பள்ளிக்கூடம் இருந்ததால் அவளும் என் மனைவி வஹிதாவும் வரவில்லை. அமெரிக்காவில் தங்கி வேலை பார்க்க எனக்கு அனுமதி இருக்கிறது. ஆனால் ஒருமுறை வெளியே வந்தால், மறுபடி உள்ளே போகப் புது விசா முத்திரை வேண்டும். சென்னையில் அமெரிக்கத் துணைத் தூதரகத்தில் கண்ணாடிக்குப் பின்னால் இருந்த அதிகாரி மூன்று கேள்வி கேட்டார், சிரித்தார், கூடுதல் பரிசீலனை தேவை என்று ஒரு சீட்டைக் கொடுத்து அனுப்பிவிட்டார். அவ்வளவுதான்.

அன்றிலிருந்து தினமும் காலையில் அவர்களுடைய இணையதளத்தைத் திறந்து பார்க்கிறேன். 'மறுக்கப்பட்டது' என்று பெரிய எழுத்தில் இருக்கும். அதன் கீழே, மறுத்துவிட்டதாக எடுத்துக்கொள்ள வேண்டாம், பரிசீலனை நடக்கிறது என்று சின்ன எழுத்தில் இருக்கும். இதைச் சாகுல் அண்ணனுக்கு விளக்குவதற்குள் எனக்கு நாக்குத் தள்ளிவிட்டது. "மறுத்தாச்சுன்னு போட்டிருக்கான், பொறவு என்னலே பரிசீலன?" என்றார். நியாயமான கேள்விதான்.

என் மேலதிகாரி நல்லவர். ராஜபாளையத்திலிருந்தே கம்ப்யூட்டரில் வேலை பார்க்க ஏற்பாடு செய்தார். என் வேலை இருக்கும்வரைதான் வஹிதாவும் மகளும் அங்கே சட்டப்படி இருக்கமுடியும். அவர்கள் இங்கே வந்துவிட்டால், அவர்களும் என்னைப்போல மாட்டிக்கொள்வார்கள். எந்த நேரமும் தூதரகத்திலிருந்து மின்னஞ்சல் வரலாம் என்று நான் தூரத்துக்கு எங்கேயும் போவதில்லை. சேத்தூரில் ஒரு சாவு வீட்டுக்குப் போனபோதுகூட, அடக்கம் முடியும்வரை சிக்னல் கிடைக்கிற பக்கமாகவே நின்றுகொண்டிருந்தேன்.

2

சிகாகோவின் தெற்குப் பகுதியில் ஒரு வீட்டின் மாடியில் நாங்கள் குடியிருக்கிறோம். கீழே வீட்டுக்காரர்கள்: கர்ட்டிஸ், அவர் மனைவி வெர்னா. இருவரும் கறுப்பினத்தவர்கள், அறுபதைத் தாண்டியவர்கள். முதன்முதலில் வீடு பார்க்கப் போனபோது கோட்டும் கழுத்தில் பட்டாம்பூச்சி மாதிரிப் போ டையுமாகக் கதவைத் திறந்த கர்ட்டிஸ், என் பெயரைக் கேட்டதும் "அஸ்ஸலாமு அலைக்கும்" என்றார். எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. முன்பணம் கொடுத்துவிட்டு வந்த பிறகுதான் விஷயம் தெரிந்தது.

அவர்கள் ஒரு இயக்கத்தைச் சேர்ந்தவர்கள். பெயரை எழுதப்போவதில்லை. எழுதினால் நீங்கள் கைபேசியில் தேடிப் பார்த்துவிட்டு மீதியைப் படிக்காமல் போய்விடுவீர்கள். தெற்கே பருத்திக் காடுகளிலிருந்து வடக்கே ஆலை வேலைக்கு வந்த கறுப்பு மக்களிடையே, நம் கொள்ளுப்பாட்டன் காலத்தில் தொடங்கியது அது. கறுப்பர்கள்தான் ஆதி மனிதர்கள், வெள்ளையர்கள் பிறவியிலேயே சாத்தான்கள் என்று போதித்தது. தங்களை முஸ்லிம்கள் என்றே சொல்லிக்கொள்வார்கள். பன்றி இறைச்சி, குடி, போதை மூன்றும் கூடாது. ஆண்களுக்குக் கோட்டு, பெண்களுக்கு வெள்ளை அங்கியும் முக்காடும். ஆனால் தங்கள் தலைவர்களைப் பற்றி அவர்கள் சொல்லும் சில விஷயங்களை நாம் காதால் கேட்க முடியாது. இறைவன் ஒருவனே, முகம்மது அவன் தூதர் என்ற நம் கலிமாவோடு அவை ஒட்டாது. யூதர்களைப் பற்றியும் மேடைகளில் வெறுப்பாகப் பேசியிருக்கிறார்கள். அமெரிக்காவில் பாதிப் பேருக்கு அவர்கள் பெயரைக் கேட்டாலே முகம் சுளிக்கும்.

மீதிக் கதையையும் சொல்ல வேண்டும். அடிமைக் காலத்தில் முதலாளி வைத்த குடும்பப் பெயரைத் தூக்கி எறிந்துவிட்டு நிமிர்ந்து நடக்கலாம் என்று கறுப்பு மக்களுக்குச் சொன்னவர்களில் அவர்கள் முக்கியமானவர்கள். சிறைக்குள் இருந்துகொண்டே வழக்குப் போட்டு, சிறைவாசிகளும் தொழலாம், தங்கள் மதத்துக்கு ஒத்த சாப்பாட்டைக் கேட்கலாம் என்ற உரிமைக்கு வழி திறந்தவர்களில் அவர்கள் உண்டு. இன்று எல்லா மதத்துக் கைதிகளும் அதை அனுபவிக்கிறார்கள். முடிவெட்டும் கடைப் பேச்சு, ராப் பாட்டு, குத்துச்சண்டை மேடை என்று அவர்கள் சாயல் படாத இடம் அங்கே குறைவு. அங்கிருந்து பிறகு பொதுவான இஸ்லாத்துக்கு வந்துசேர்ந்தவர்களும் ஏராளம். எங்கள் பள்ளிவாசலில் தொழுகைக்குப் பாங்கு சொல்லும் பெரியவரே வாலிபத்தில் அங்கே இருந்தவர்தான். ஆனாலும் அவர்தான் என்னிடம் முதலில் சொன்னார்: "நல்ல மனிதர்கள். வாடகை கொடு, சலாம் சொல். அதோடு நிறுத்திக்கொள்."

நான் அப்படியே செய்தேன். பல வருஷம் வாடகையும் சலாமும் மட்டும்தான். வெர்னா பீன்ஸ் பயறில் செய்த இனிப்புப் பலகாரம் அனுப்புவார். வஹிதா தட்டைக் கழுவி, பிரியாணி வைத்துத் திருப்பிக் கொடுப்பாள். படியில் பார்த்தால் சிரிப்பு. அதற்குமேல் நான் பழகவில்லை.

3

நான் இங்கே மாட்டிக்கொண்ட ஆரம்பத்தில், புறநகரில் இருக்கும் தமிழ் நண்பர்கள் வாரம் தவறாமல் வஹிதாவைப் பார்க்க வந்தார்கள். பிறகு மாதம் ஒருமுறை. பிறகு போன் மட்டும். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன், ஒரு மணி நேரம் கார் ஓட்டி வரவேண்டும்.

பனிக்காலம் முடிகிற சமயம் ஒருநாள் வஹிதாவுக்கு வயிற்றில் தாங்க முடியாத வலி. படியைப் பிடித்துப் பிடித்து இறங்கிப்போய்க் கீழ்வீட்டுக் கதவைத் தட்டியிருக்கிறாள். வெர்னா காரில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். பித்தப்பையில் கல், உடனே ஆபரேஷன். எனக்குத் தகவல் வந்தபோது அவளை உள்ளே கொண்டுபோயிருந்தார்கள். ராஜபாளையத்தில் வீட்டு மாடியில் போனைப் பிடித்தபடி நின்றேன். யாரைக் கூப்பிடுவது, எங்கே ஓடுவது? ஓடினால் பஸ் ஸ்டாண்ட் வரைதான் ஓடலாம். கீழே அண்ணி, "ஏந்தம்பி, காப்பி ஆறுதே" என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தார்.

வஹிதா ஆஸ்பத்திரியில் இருந்த நாட்களில் மகள் நஸ்ரின் கீழ்வீட்டில் இருந்தாள். அவளுக்குப் பன்னிரண்டு வயது, மூன்று வயதில் அமெரிக்கா போனவள். கர்ட்டிஸ் அவளைப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிப்போனார், வெர்னா தலை வாரிவிட்டார். ஞாயிற்றுக்கிழமை பிள்ளையைத் தனியாக விட்டுப்போக முடியாதென்று தங்கள் கூட்டத்துக்கு அழைத்துப் போனார்கள்.

அடுத்த நாள் வீடியோவில் நஸ்ரின் கேட்டாள்: "அத்தா, நம்ம லாஸ்ட் நேம் யார் குடுத்தது?"

"உன் லாஸ்ட் நேம் காசிம். அது என் பேருதான் கண்ணு. நம்ம ஊருல குடும்பப் பேரு கெடையாது. அத்தா பேரத்தான் பிள்ளைக்குப் பின்னால போடுவோம்."

அவள் யோசித்தாள். "அங்க சொன்னாங்க, ஓனர் பேரத்தான் பின்னாடி போடுவாங்கன்னு. அப்ப நான் உங்களுக்குச் சொந்தமா?"

எனக்கு ஆமாம் என்று சொல்ல வந்தது. தமிழில் 'சொந்தம்' என்றால் உறவு என்றும் அர்த்தம், சொத்து என்றும் அர்த்தம். இவள் எதைக் கேட்கிறாள்? நான் விளக்கத் தொடங்குவதற்குள் அடுத்த கேள்வி வந்துவிட்டது: "உங்க பாஸ் வெள்ளைக்காரர்தான? அவர் நல்லவரா, கெட்டவரா?" என் குடும்பமே அந்த மனிதரின் தயவில் நிற்கிறது. அவர் ரொம்ப நல்லவர் என்று சத்தமாகச் சொன்னேன்.

எனக்குப் பின்னால் நின்ற சாகுல் அண்ணன் எல்லாவற்றையும் கேட்டுவிட்டார். "ஏலே, எந்தக் கோயிலுக்குப் போயிட்டு வந்து இது பேசுது?" என்றார். நான் சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது. அவர் உதட்டைப் பிதுக்கி, "அவிய வழியிலதான போகும்" என்றார்.

'அவிய' என்றது என் மாமனாரை.

4

என் மாமனார் ரஹ்மத்துல்லா ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஸ்டாண்ட் பக்கம் செருப்புக் கடை வைத்திருக்கிறார். பிறந்தது கூமாப்பட்டிப் பக்கம், கூலி வேலைக்காரர்களின் தெருவில். தாய் தகப்பன் வைத்த பெயர் வேறு. ஊர்க்காரர்கள் அந்தத் தெருவுக்கே வைத்திருந்த பெயர் அதைவிட மோசம். வாலிபத்தில் கலிமா சொல்லி, பெயரை மாற்றி, தொழில் கற்று டவுனுக்கு வந்தவர். வெள்ளிக்கிழமை முதல் வரிசையில் முதல் ஆளாக நிற்பார். ஆனாலும் எங்கள் கல்யாணப் பேச்சின்போது, "எத்தன தலமுறையா முஸ்லிம்?" என்று கேட்டவர்கள் இருந்தார்கள். என் அண்ணனே கேட்டார். மாமா அன்றைக்கு ஒன்றும் பேசவில்லை. அதற்குப் பிறகும் அதைப்பற்றி யாரிடமும் பேசிக் கேட்டதில்லை. மார்க்க விஷயத்தில் மட்டும் எள்ளளவும் விட்டுக்கொடுக்க மாட்டார். பேத்தி விஷயம் அண்ணன் மூலமாக அவர் காதுக்குப் போனதும் எனக்குப் போன் வந்தது.

"மாப்ள, ஞாயித்துக்கெழம சாயங்காலம் கடைக்கு வாங்க. அந்த ஆளுகிட்ட நான் பேசணும்."

எனக்கு உள்ளுக்குள் ஒரு நிம்மதி. மாமா பேசுவார், கோபப்படுவார், மகளையும் பேத்தியையும் உடனே கிளம்பி வரச் சொல்வார். வஹிதா தகப்பன் சொல்லைத் தட்ட மாட்டாள். பழி என்மேல் வராது, அவர்கள் என்னிடம் வந்துவிடுவார்கள். பஸ்ஸில் போகும்போது வழி முழுக்க இதையே நினைத்துக்கொண்டு போனேன்.

நமக்குச் சாயங்காலம், அவர்களுக்குக் காலை. கடையில் செருப்பு வாங்க வந்த ஒருவர் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். போன் திரையில் எங்கள் சிகாகோ வீட்டு அடுப்படி. கூட்டத்துக்குக் கிளம்பிய கோலத்தில் கர்ட்டிஸ் கோட்டோடு மேசை முன்னால் இருந்தார். பக்கத்தில் நஸ்ரின், பின்னால் வஹிதா. நான் மொழிபெயர்க்க வாய் திறந்தேன். மாமா கையமர்த்தினார்.

"நீங்க வேண்டாம் மாப்ள. நீங்க நயமாச் சொல்லிருவிய. ஏட்டி நஸ்ரினு, நான் கேக்குறத அப்டியே கேளு. கூட்டாத, கொறைக்காத."

"சரி நன்னா" என்றாள். தாத்தாவை நாங்கள் நன்னா என்போம்.

"கடைசி நபி யாருன்னு கேளு."

அவள் கேட்டாள். கர்ட்டிஸ் நிதானமாக, நீளமாகச் சொன்னார். நஸ்ரின் தமிழைத் தேடித்தேடிச் சொன்னாள்: "முகம்மது நபிதான்னு சொல்றாங்க. பொறவு... இங்க அமெரிக்காவுல ஒருத்தர் வந்தாங்களாம். அவங்களும் ரொம்பப் பெரியவங்களாம். நபி மாதிரி. அதுக்கும் மேல."

மாமா கண்ணை மூடி, இறைவனிடம் மன்னிப்புக் கேட்டு அஸ்தஃபிருல்லா என்றார். "வெள்ளக்காரங்களப் பத்தி என்ன சொல்லிக் குடுக்காங்கன்னு கேளு."

கர்ட்டிஸ் சொன்ன ஆங்கில வார்த்தைக்குத் தமிழில் சைத்தான் என்று சொல்ல அவளுக்குத் தெரியவில்லை. "அவங்க எல்லாம் பேயாம், நன்னா."

பெஞ்சில் இருந்தவர், "பேயின்னா வெள்ளையாத்தான பாய் இருக்கும்" என்று சிரித்தார். மாமா திரும்பிப் பார்த்த பார்வையில் அவர் வாயை மூடிக்கொண்டார்.

"இவரும் அத நம்புறாராமா?"

நஸ்ரின் கேட்டாள். கர்ட்டிஸ் கைகளை மேசைமேல் வைத்துக்கொண்டு யோசித்துத்தான் சொன்னார்.

"சில நாள் நம்புறாங்களாம். சில நாள் இல்லையாம். அவங்க ஜெயில்ல இருந்தப்ப இந்தக் கூட்டத்துக்காரங்க அப்டிச் சொல்லிக் குடுத்தாங்களாம். அதுக்கு முன்னாடி எல்லாரும், நீதான் கெட்டவன், நீதான் கெட்டவன்னே சொன்னாங்களாம். நீ இல்லன்னு சொன்னது இவங்கதானாம். ஃபர்ஸ்ட் டைம்."

கர்ட்டிஸ் இப்போது தன் பக்கத்திலிருந்து ஒரு கேள்வி கேட்டார். நஸ்ரின் சொன்னாள்: "நன்னா, உங்க ஊர்ல ஒருத்தர் ஜெயில்லருந்து வெளிய வந்தா, கேட்டுல யாரு நிப்பாங்கன்னு கேக்குறாங்க."

மாமா என்னைப் பார்த்தார்.

"அவங்களுக்கு ரெண்டு பேர் நின்னாங்களாம். யாருன்னே தெரியாதாம். கோட்டுப் போட்டுக்கிட்டு, அந்தக் குளிர்ல. கர்ட்டிஸ் அங்கிள் ஜெயில்ல குடுத்த ஸ்லிப்பரோட வந்தாங்களாம். அந்த ரெண்டு பேரும் ஷூ கொண்டு வந்து, கீழ உக்காந்து போட்டு விட்டாங்களாம்."

நாற்பது வருஷமாக அடுத்தவர் காலடியில் உட்கார்ந்து செருப்பு மாட்டிவிடுகிறவர் மாமா. முகத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டார்.

"அன்னைக்குத்தான் அவங்க லாஸ்ட் நேம விட்டுட்டாங்களாம். அது அவங்க தாத்தாவோட தாத்தாவ விலைக்கு வாங்குன ஆளோட பேராம். இப்ப அந்த எடத்துல ஒரே ஒரு இங்கிலீஷ் லெட்டர்தான்." நஸ்ரினுக்கு உற்சாகம் வந்துவிட்டது. "நன்னா, பழைய பேரு என்னன்னு கேக்கவா?"

"வேண்டாம்" என்றார் மாமா. அவ்வளவு வேகமாக அவர் பேசி நான் கேட்டதில்லை. "அதக் கேக்கக் கூடாது புள்ள."

"ஏன் நன்னா?"

"விட்டது விட்டதுதான். பொறவு ஒருத்தன் கேட்டான்னா, மறுபடியும் மொதல்லருந்து விடணும்."

அவள் அதை ஆங்கிலத்தில் சொல்ல முயன்றாள். எவ்வளவு சரியாகச் சொன்னாளோ தெரியாது. கர்ட்டிஸ் தலையைக் குனிந்து, நெஞ்சில் கைவைத்தார். வஹிதா திரைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அடுப்புப் பக்கம் திரும்பி நின்றாள். அதற்குள் மஃரிப், அந்தித் தொழுகைக்குப் பாங்கு சொன்னது. மாமா கர்ட்டிஸுக்கு சலாம் சொல்லிவிட்டுப் போனை என்னிடம் கொடுத்தார்.

தொழுதுவிட்டு வந்து கடை வாசலில் நின்றபடி தீர்ப்புச் சொன்னார்.

"அவரு சொல்றது நம்ம தீன் இல்ல, நம்ம மார்க்கம் இல்ல மாப்ள. அதுல மாத்தம் கெடையாது. புள்ளைய அங்க கூட்டத்துக்கு அனுப்பாதியன்னு வஹிதாகிட்டச் சொல்லிட்டேன். ஆனா அந்த வீட்டவிட்டு வரச் சொல்லாதிய. நமக்கு அம்புட்டுத் தொலவுல, நம்ம புள்ள கதவத் தட்டுனா தொறக்கிறதுக்கு ஆளு இருக்கு."

நான் சரி என்றேன். அவர்களை வரச் சொல்வார் என்று நம்பி வந்த எனக்கு ஏமாற்றம். அவருக்கு அது தெரிந்திருக்காது.

5

மறுநாள் நானே வஹிதாவிடம் சொன்னேன். "போதும். ரெண்டு பேரும் கெளம்பி வந்துருங்க. இங்க பள்ளிக்கூடம் இல்லையா, வீடு இல்லையா?"

"அத்தா வரச் சொல்லியிருந்தா வந்திருப்பேன் மச்சான். அவுக சொல்லல. நீங்க எதுக்குச் சொல்றீங்க? எங்களுக்காகவா, இல்ல உங்களால தனியா இருக்க முடியலையா?"

"ரெண்டுந்தான்."

"வெர்னாகிட்ட நான் பேசிட்டேன். நஸ்ரின் இனி அந்தக் கூட்டத்துக்கு வரமாட்டா, எங்க மார்க்கம் வேறன்னு சொன்னேன். கோவிச்சுக்குவாங்கன்னு பயந்தேன். 'என் பிள்ளைங்களே வாரதில்ல, உன் பிள்ளையவா இழுக்கப்போறேன்'னு சிரிச்சாங்க. வெள்ளிக்கெழம நாங்க நம்ம பள்ளிவாசலுக்குப் போறோம். வெர்னாதான் காருல எறக்கிவிடுறாங்க. அவங்க உள்ள வாரதில்ல. வெளியவே இருக்காங்க."

அவளே மேலே பேசினாள்.

"நாங்க இப்ப வந்தா திரும்பப் போக முடியுமா மச்சான்? உங்களுக்கே தெரியும். நஸ்ரினையும் உங்க பக்கத்துல உக்காத்தி வச்சு, தெனமும் காலையில அந்த வெப்சைட்டத் தொறந்து பாக்கவா? அவளாவது வெளிய இருக்கட்டும். நான் தனியா ஆபரேஷனுக்குப் போயிட்டு வந்தேன். தனியா இருக்கக் கத்துக்கிட்டேன். நீங்களும் கத்துக்கங்க."

கடுமையாகச் சொல்லவில்லை. அழுதுகொண்டேதான் சொன்னாள். ஆனால் முடிவு சொல்லிவிட்டாள். பிறகு நஸ்ரின் வந்து, பள்ளிக்கூடத்தில் கோடை விடுமுறைக்கு என்னென்ன வகுப்பு இருக்கிறது என்று ஆங்கிலத்தில் கடகடவென்று சொன்னாள். பாதி எனக்குப் பிடிபடவில்லை. திரும்பக் கேட்டேன். "இட்ஸ் ஓகே அத்தா" என்றாள். பன்னிரண்டு வயதுப் பிள்ளை என்னைத் தேற்றுகிற குரல் அது.

முந்தாநாள் மாமா மறுபடி கடைக்குக் கூப்பிட்டார். மேசைமேல் ஒரு பெரிய அட்டைப்பெட்டி. திறந்து காட்டினார். நல்ல மாட்டுத் தோலில் கையால் தைத்த செருப்பு. நம் ஊரில் அப்படி ஒரு அளவை நான் பார்த்ததேயில்லை, படகு மாதிரி இருந்தது. நஸ்ரினிடம் சொல்லிக் கர்ட்டிஸின் காலை அளந்து வாங்கியிருக்கிறார். அந்த அளவுக்கு அச்சு இல்லாததால் தைக்கிறவரிடம் தனியாகச் சொல்லி, பக்கத்திலேயே இருந்து செய்ய வைத்திருக்கிறார்.

"குளுருக்கு ஆகாது. வெயில் காலத்துல போட்டுக்கிடட்டும்" என்றார்.

"பார்சல்ல அனுப்பிருவமா மாமா? ரெண்டு வாரத்துல போயிரும்."

"பார்சல் வேண்டாம். செருப்ப யாராச்சும் பார்சல்ல மரியாதையா குடுப்பாங்களா? நீங்க போறப்பக் கொண்டு போயி, கையில குடுங்க."

"நான் எப்பப் போவேன்னு தெரியலையே மாமா."

"எப்பப் போறியளோ அப்பக் குடுங்க. தோலுதான, கெட்டுப் போயிராது. மாசம் ஒருவாட்டி எண்ணெ தொட்டுத் தொடச்சு வைங்க."

எப்படித் துடைக்க வேண்டும் என்று துணியை எடுத்துச் செய்தும் காட்டினார். பிறகு பெட்டியை மூடி, சணலால் கட்டி, என் கையில் கொடுத்தார். ராஜபாளையம் பஸ்ஸில் நல்ல கூட்டம். கண்டக்டர் பெட்டியைப் பார்த்துவிட்டு, "லக்கேஜா சார்? கீழ வைக்க எடமில்ல, மடியில வச்சுக்கங்க" என்றார். வைத்துக்கொண்டேன். பக்கத்தில் உட்கார்ந்தவர் என்ன பெட்டி என்று கேட்டார். செருப்பு என்றேன்.

"உங்களுக்கா?"

"எனக்குச் சேராது" என்றேன்.